சீருடை தைக்கக் கொடுக்கும்போது கேட்கிற கேள்விகள்: வன்னியிலிருந்து ஒரு தையற்காரியின் பதில்கள்

இலங்கையின் வடக்கே, வன்னியில் மல்லாவிப் பக்கத்தில் வீட்டு விறாந்தையில் மெஷின் போட்டுத் தைக்கிறேன். மார்கழி பிறந்துவிட்டால் சாறிச் சட்டையும் இல்லை, சாமத்தியவீட்டுச் சட்டையும் இல்லை, எல்லாம் பள்ளிக்கூட உடுப்புத்தான். துணியோடு வருகிற தாய்மார் பிள்ளைக்கு அளவெடுத்து முடியுமட்டும் கேட்கிற சந்தேகங்கள் வருடா வருடம் ஒன்றுதான். ஒவ்வொருவருக்கும் ஊசியை வாயில் வைத்துக்கொண்டு பதில் சொல்லிக் களைத்துப்போய், கேட்டவர்கள் கேட்ட மாதிரியே இங்கே எழுதிவிட்டேன். துணுக்காய், மாங்குளம், ஒட்டுசுட்டான், கிளிநொச்சி, நெடுங்கேணி எங்கேயும் பெரும்பாலும் இதேதான், பாடசாலை விதிகள் மட்டும் அங்கங்கே மாறும்.

துணி சும்மாதானே தாறாங்கள், பிறகேன் அக்கா இவ்வளவு காசு போகுது?

துணிதான் இலவசம். தைத்த உடுப்பு இலவசமில்லை. இலங்கையில் 1993 இல் பிரேமதாச ஜனாதிபதியாக இருந்தபோது தொடங்கிய திட்டம் இது, பிள்ளைக்கு வருடத்துக்கு ஒரு சோடி உடுப்புக்கான துணி கிடைக்கும். அதற்கு மேல் தையற்கூலி, தெறி, சிப், கொலருக்குள் வைக்கிற கன்வஸ், அப்புறம் சப்பாத்து, சொக்ஸ், ரை, பெல்ட், பட்ஜ், புத்தகப்பை. இதில் ஒன்றுகூட அந்தத் துணிக் கட்டுக்குள் வராது.

அதோடு ஒரு சோடியை வைத்துக்கொண்டு கிரவல் தெருவில் சைக்கிளில் போய்வருகிற பிள்ளை கிழமையில் ஐந்து நாளும் வெள்ளையாக நிற்க முடியாது. குறைந்தது இரண்டு வேண்டும். இரண்டாவது சோடியின் துணி உங்கள் காசு. எங்கள் பக்கத்துக் குடும்பங்களின் கணக்கு அங்கேதான் இடிக்கிறது.

உது சீனத்துணி எண்டு சொல்லுறாங்கள், உண்மையோ? நிண்டு பிடிக்குமோ?

உண்மைதான். 2022 நெருக்கடியில் டொலர் இல்லாமல் நாடு தவித்த பிறகு, 2023 ஆம் ஆண்டுக்குத் தேவையான சீருடைத் துணியில் 70 வீதத்தைச் சீனா நன்கொடையாகக் கொடுத்தது. 2024 இல் அது 80 வீதம், 2025 இல் முழுவதும்.

நிற்குமா என்றால், ஒரே கட்டில் வந்த துணியிலேயே ஒன்று தடிப்பாகவும் ஒன்று மெல்லிசாகவும் இருப்பதை நான் பார்த்திருக்கிறேன், ஆகவே நாட்டின் பெயரைப் பார்த்துத் தீர்ப்புச் சொல்ல மாட்டேன். வெள்ளைத் துணியை வெளிச்சத்துக்குப் பிடியுங்கள், உங்கள் கைவிரல் தெளிவாகத் தெரிந்தால் உள்ளுக்கு லைனிங் போடவோ பெற்றிக்கோட் உடுத்தவோ வேண்டிவரும். வெட்டக் கொண்டுவர முதல் ஓர் இரவு தண்ணீரில் ஊறப்போட்டுக் காயவிட்டுக் கொண்டுவாருங்கள், சுருங்குவது வெட்டுவதற்கு முன்னமே சுருங்கட்டும். நீலத் துணியைத் தனியாக ஊறவையுங்கள், முதல் தண்ணீரில் சாயம் விடும்.

முந்தி வவுச்சர் தந்தவங்கள்தானே, அது நல்லமில்லையோ?

2016 ஆம் ஆண்டுக்கான சீருடைக்குத் துணியை நிறுத்தி வவுச்சர் கொடுத்தார்கள், பிறகு 2021 இலிருந்து திரும்பவும் துணிக்கு வந்தார்கள். வவுச்சரில் ஒரு நல்லது இருந்தது: கடையில் துணியைத் தொட்டுப் பார்த்து விரும்பியதை எடுக்கலாம்.

ஆனால் அது ரவுணில் இருக்கிறவர்களுக்குச் சரி. ஐயன்கன்குளத்திலிருந்தோ முத்தையன்கட்டிலிருந்தோ வவுச்சரை ஏற்கிற கடைக்கு வர பஸ் காசும் ஒரு நாள் கூலியும் போகும், கடையில் துணியின் விலை வவுச்சரைவிடக் கூடவாக இருந்தால் மிச்சமும் கையிலிருந்து போகும். துணியாகத் தந்தால் அது பள்ளிக்கூடத்துக்கே வந்து சேர்கிறது. எனக்குக் கேட்டால் எங்கள் பக்கத்துக்குத் துணியே நல்லது, கூடவே தையற்கூலிக்கு ஒரு சின்னத் தொகையும் வந்தால் இன்னும் நல்லது. நான் தையற்காரி என்பதால் அப்படிச் சொல்கிறேன் என்று நினைப்பீர்கள், பரவாயில்லை.

கடையில ரெடிமேட் வாங்கினா மலிவுதானே?

விலைச்சீட்டில் சில நேரம் மலிவுதான். ரெடிமேட் உடுப்பின் உட்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். தையலுக்கு வெளியே கால் இஞ்சித் துணிகூட இராது, ஓவர்லொக் அடித்து வெட்டியிருப்பார்கள். கீழ் மடிப்பும் ஒரு விரலளவுதான். பிள்ளை வளர்ந்தால் அதைப் பெருப்பிக்க வழியே இல்லை, அடுத்த வருடம் திரும்பவும் வாங்குவீர்கள்.

கடைசி வருடத்துப் பிள்ளைக்கு, அதாவது இன்னும் சில மாதம் மட்டும் உடுத்தப்போகிற பிள்ளைக்கு, ரெடிமேட் வாங்குங்கள். முதலாம் தரத்துக்குப் போகிற பிள்ளைக்கு வேண்டாம்.

பிள்ளை கிடுகிடெண்டு வளருது. எவ்வளவு விட்டுத் தைக்கிறது?

இதை எல்லாத் தையற்காரரும் தாமாகச் செய்ய மாட்டார்கள், நீங்கள் வாய்திறந்து கேட்க வேண்டும். பெண்பிள்ளையின் சட்டைக்குக் கீழே நாலு இஞ்சி மடிப்பு, பக்கத் தையலில் இரண்டு பக்கமும் ஒவ்வோர் இஞ்சி. காற்சட்டைக்குப் பின்பக்க நடுத்தையலில் ஒன்றரை இஞ்சி, இடுப்பில் பின்னுக்கு எலாஸ்ரிக், முன்னுக்கு இரண்டாவது தெறிக்கு இடம். சேட்டுக்குத் தோள்மூட்டைக் கொஞ்சம் தாராளமாக வெட்டி, நீளத்தைக் காற்சட்டைக்குள் விடுகிற பக்கத்தில் கூட்டலாம். பெண்பிள்ளைகள் பத்துக்கும் பதின்மூன்றுக்கும் இடையிலும், ஆண்பிள்ளைகள் பன்னிரண்டுக்குப் பிறகும் திடீரென்று நீளுவார்கள், அந்த வயதுக்குத்தான் இந்த வேலை முக்கியம்.

மடிப்பை அவிழ்த்தால் பழைய கோடு தெரியுமே என்பார்கள். வெள்ளையில் அவ்வளவாகத் தெரியாது. நீலத்தில் தெரியும், ஏனென்றால் மடிப்புக்குள் இருந்த துணி வெயில் காணாமல் புது நீலமாகவே இருக்கும். அதற்கு மேல் ஒரு வரித் தையல் ஓட்டினால் அதுவும் ஒரு மோஸ்தர் மாதிரிக் கிடக்கும்.

ஒரு விடயத்தில் மட்டும் ஒத்துக்கொள்ள மாட்டேன்: மூன்று வருடத்துக்கு ஒரேயடியாகத் தைத்துவிடுங்கள் என்று வந்து நிற்பது. பிள்ளை சாக்குக்குள் இறங்கினதுபோல் இருக்கும், வகுப்பில் பகிடி பண்ணுவார்கள், பிறகு அந்த உடுப்பைப் போடமாட்டேன் என்று அழும். விட்டுவைக்கிற துணி உள்ளுக்குள் இருக்க வேண்டும், வெளியே தெரியக் கூடாது.

நீளக்காற்சட்டை எந்த வகுப்பிலயிருந்து?

பெரும்பாலும் 10 ஆம் அல்லது 11 ஆம் தரத்தில் நீலக் கட்டைக் காற்சட்டையிலிருந்து வெள்ளை நீளக்காற்சட்டைக்கு மாறுவார்கள், ஆனால் பாடசாலைக்குப் பாடசாலை வேறு. தைக்க முதல் வகுப்பாசிரியரிடம் கேளுங்கள். நீலக் காற்சட்டையைத் தைத்த பிறகு வந்து நிற்கிறவர்கள் வருடத்துக்கு ஒருவராவது உண்டு.

செம்மண் ஊத்தை போகுதே இல்லை. புளீச் போடலாமோ?

போடாதீர்கள். செம்மண்ணின் சிவப்பு இரும்பால் வருவது. குளோரின் புளீச் இரும்புக் கறையைப் போக்காது, இன்னும் துருநிறமாக்கித் துணியில் இருத்திவிடும். எங்கள் பக்கத்துச் சில குழாய்க்கிணறுகளின் தண்ணீரிலேயே இரும்பு கிடக்கிறது, அந்தத் தண்ணீரில் புளீச் கலந்தால் வெள்ளைச் சட்டை முழுக்க மஞ்சளாகிவிடும், எலாஸ்ரிக்கும் இத்துப்போகும்.

சேற்றை ஈரத்தோடு தேய்க்கக் கூடாது. காயவிட்டு உதறி, தூரிகையால் தட்டிவிட்டுத்தான் தண்ணீரில் போட வேண்டும். பிறகும் நிற்கிற கறைக்குத் தேசிக்காய்ப் புளியும் உப்பும் பூசி வெயிலில் வைத்து, நன்றாக அலசுங்கள். புளி இரும்பைக் கரைக்கும், அதுதான் அதன் வேலை.

இன்னொன்று, வன்னித் தண்ணீர் சவர். பார்-சவர்க்காரம் அந்தத் தண்ணீரோடு சேர்ந்து திரைந்து துணியில் படியும், நாளடைவில் வெள்ளை சாம்பல் நிறமாவது அதனால்தான். சலவைத்தூள் அப்படித் திரையாது. மாரியில் கூரைப் பீலியால் வருகிற மழைத் தண்ணீரை ஒரு பரலில் பிடித்துவைத்துக் கடைசி அலசலுக்கு மட்டும் பாவித்துப் பாருங்கள், வித்தியாசம் தெரியும். நீலம் போடுவது ஊத்தையை எடுக்காது, மஞ்சளைக் கண்ணுக்கு மறைக்கும், அவ்வளவுதான். ஒரு துளி காணும்.

தடைக் காலத்தில பனங்களி போட்டுத் தோய்ச்சனாங்கள் எண்டு அம்மம்மா சொல்லுறா. பகிடிக்கோ?

பகிடியில்லை. 1990களில் போர்க்காலத்தில் அரசு போட்ட பொருளாதாரத் தடை இருந்தபோது சவர்க்காரம் கிடைப்பதே அரிது, கிடைத்தாலும் வாங்கக்கூடிய விலையில் இருக்காது. பனம்பழக் களியில் நுரைக்கிற ஒரு கசப்புப் பொருள் இருக்கிறது, அதுதான் ஊத்தையைக் கழற்றும். களியின் மஞ்சள் நிறம் வெள்ளையில் ஏறாதா என்றால் ஏறும், நல்ல வெயிலில் விரித்தால் அந்த நிறம் வெளிறிப்போய்விடும். துணியில் பனம்பழ வாசம் மட்டும் நிற்கும், மாடு வந்து சட்டையைச் சப்பிவிட்டுப் போன கதை அந்தக் காலத்து ஆட்கள் எல்லாரிடமும் உண்டு. 2002 இல் கண்டி-யாழ்ப்பாணம் ஏ9 பாதை திறந்த பிறகு அந்த வேலைக்குத் தேவை இல்லாமல் போனது.

சப்பாத்துக்கும் வவுச்சர் எண்டு கேள்விப்பட்டன். எங்கட பிள்ளைக்கு ஏன் இல்லை?

அது எல்லாருக்கும் இல்லை. 2025 இல் 250 இற்குக் குறைவான மாணவர் உள்ள பாடசாலைகளின் பிள்ளைகளுக்கு 3000 ரூபா பெறுமதியான சப்பாத்து வவுச்சர் என்று கொடுத்தார்கள். உங்கள் பிள்ளை ரவுணில் பெரிய பாடசாலையில் படித்திருந்தால் அதற்குள் வந்திராது, வீட்டில் எவ்வளவு கஷ்டம் என்றாலும் வந்திராது. பாடசாலையின் அளவைப் பார்த்தார்கள், குடும்பத்தைப் பார்க்கவில்லை. இது எனக்குச் சரியாகப் படவில்லை. அரசின் அஸ்வெசும நிவாரணக் காசு பெறுகிற குடும்பத்துப் பிள்ளைகளுக்கு அதே வருடம் கொப்பி, எழுதுகருவிக்கென்று 6000 ரூபா வந்தது, அது வேறு கணக்கு.

சின்னக் காலுக்கு அந்த 3000 இற்குள் பார்க்கலாம். பெரிய கால் என்றால் மேலே போட வேண்டிவரும். வெள்ளைக் கன்வஸ் சப்பாத்தை மாரி முடியுமட்டும் சேற்றில் போட்டுக் கெடுக்காமல், செருப்போடு போய்ப் பாடசாலை வாசலில் மாற்றுகிற பிள்ளைகள் எங்கள் பக்கம் நிறைய. நல்ல பழக்கம்.

தை மாசத்தில கையில ஒரு சதமும் இல்லை அக்கா. அறுவடை முடியத் தரலாமோ?

இதைக் கேட்கிறவர்களுக்கு வெட்கம், கேட்கப்படுகிற எனக்கு வெட்கமில்லை. புதுத் தவணை தொடங்குவது தை மாதம். காலபோக நெல் வீட்டுக்கு வருவது தை கடைசியிலிருந்து பங்குனி வரை. பசளைக்கும் மருந்துக்கும் இருந்த காசெல்லாம் வயலில் நிற்கிற நேரத்தில்தான் பொங்கலும் வரும், பள்ளிக்கூடமும் தொடங்கும். நாட்டின் பாடசாலை நாட்காட்டியை எங்கள் குளங்களைக் கேட்டு யாரும் போடவில்லை. எங்கள் பக்கத்தில் தையற்கடைகள் பல அறுவடைக் கடனுக்குத் தைக்கின்றன, நானும் அப்படித்தான், கொப்பியில் எழுதிவைப்பேன்.

கடன் வேண்டாம் என்றால் வேறு வழியும் இருக்கிறது. சிறுபோக நெல் விற்கிற ஆவணி, புரட்டாதியில் இரண்டாவது சோடிக்கான துணியையும் சப்பாத்தையும் வாங்கிவிடுங்கள், அப்போது கடைகளில் நெரிசலும் இல்லை. சப்பாத்தை ஓர் அளவு கூட எடுக்க வேண்டும். தைப்பதற்கும் கார்த்திகை நல்லது, மார்கழியில் வந்தால் நான் இரவு பன்னிரண்டு மணிக்கு அரைத் தூக்கத்தில் வெட்டுவேன். கிழமைக்குக் கிழமை தவணை வாங்குகிற கடன்காரரிடம் யூனிபோர்முக்கு மட்டும் கடன் எடுக்காதீர்கள், ஒரு சட்டைக்கு வட்டி கட்டி முடிய அந்தச் சட்டை கிழிந்துவிடும்.

ரையும் ரீசேட்டும் அவையள் சொல்லுற இடத்திலதான் வாங்கோணுமாம். அப்பிடிக் கட்டாயப்படுத்தலாமோ?

ரை, பட்ஜ் எல்லாம் பாடசாலைக்கென்று அச்சடிப்பது, அது ஓரிடத்தில்தான் கிடைக்கும், அதில் சண்டைபிடித்துப் பயனில்லை. ஆனால் இல்ல விளையாட்டுப் போட்டிக்கு ஒரு ரீசேட், வகுப்புக்கு ஒரு ரீசேட், சுற்றுலாவுக்கு இன்னொன்று என்று போகும்போது கேட்க வேண்டும். எனக்குத் தெரிந்த ஒரு வீட்டில் மூன்று பிள்ளைகளின் ரீசேட் காசு மூன்று பேரின் தையற்கூலியை மிஞ்சிவிட்டது.

கேட்க வேண்டிய இடம் பாடசாலை அபிவிருத்திச் சங்கக் கூட்டம். தனியாகப் போய் ஆசிரியரோடு கத்தினால் பிள்ளைக்குத்தான் சங்கடம். கூட்டத்தில் எழும்பி, இல்ல நிறத்தில் ஏதாவது ஒரு ரீசேட் போதும், அச்சடித்ததுதான் வேண்டும் என்றில்லை என்று தீர்மானமாக எழுதச் சொல்லுங்கள்.

யூனிபோர்ம் இல்லையெண்டு பிள்ளையைத் திருப்பி அனுப்பலாமோ?

அனுப்பக் கூடாது. இலங்கையில் 5 வயதிலிருந்து 16 வயது வரை பிள்ளை கட்டாயம் படிக்க வேண்டும் என்று அரசே சொல்கிறது, வந்த பிள்ளையை உடுப்புக்காகப் படலையில் நிற்பாட்டுவது அதற்கு நேர்மாறு. முதலில் அதிபரிடம் போங்கள், பெரும்பாலும் அங்கேயே முடிந்துவிடும், நல்ல அதிபர்மார் தங்கள் அலுமாரியில் இரண்டு சோடி வைத்திருப்பார்கள். முடியாவிட்டால் கோட்டக் கல்வி அலுவலகம், வலயக் கல்விப் பணிமனை. பிரதேச செயலகத்தில் சிறுவர் உரிமை மேம்பாட்டு உத்தியோகத்தர் ஒருவர் இருப்பார். பிள்ளையை அடித்தாலோ எல்லார் முன்னாலும் கேவலப்படுத்தினாலோ 1929 இற்கு அழைக்கலாம், அது தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபையின் இலக்கம்.

பெரிய பிள்ளையளுக்கு வெள்ளை கரைச்சலா இருக்கே, என்ன செய்யிறது?

இதைத் தாய்மார் காதுக்குள்தான் கேட்பார்கள். மாதவிடாய் நாட்களில் கறை பட்டுவிடுமோ என்ற பயத்தில் பாடசாலைக்குப் போகாமல் விடுகிற பிள்ளைகள் இருக்கிறார்கள். சட்டையின் பின்பக்கத்துக்கு இடுப்பிலிருந்து கீழே இரட்டைத் துணி வைத்துத் தைக்கலாம், இலவசத் துணியில் வெட்டின மிச்சம் அதற்குக் காணும். கேட்டால் செய்து தருவேன், மேலதிகமாக வாங்குவதில்லை. உள்ளுக்குப் பாவாடை கறுப்பு வேண்டாம், வெளியே தெரியும், உடம்பு நிறத்துக்குக் கிட்டின நிறம் நல்லது. அரசு 2024 இலிருந்து தெரிவுசெய்த பாடசாலை மாணவிகளுக்கு நப்கினுக்கு வவுச்சர் கொடுக்கிறது, உங்கள் பாடசாலை அதில் இருக்கிறதா என்று விசாரியுங்கள்.

அப்ப நிறத்தை மாத்தினா என்ன? மண் நிறத்தில போட்டா தோய்க்கிற வேலையும் மிச்சம்.

ஆசைதான். ஆனால் இலவசமாக வருகிற துணி வெள்ளையும் நீலமும். நிறத்தை மாற்றுகிற பாடசாலையின் பெற்றோர் அந்தத் துணியை இழப்பார்கள், முதல் கேள்வியில் சொன்ன செலவில் துணிக்காசு இரட்டிக்கும், இரண்டு சோடியும் அவர்கள் காசு. மாறுவதானால் கொழும்பில் மாற வேண்டும், இங்கே மாற முடியாது.

யூனிபோர்ம் போட்டா பிள்ளையள் நல்லாப் படிப்பினம் எண்டு சொல்லுறது சரியோ?

உடுப்பால் புள்ளி கூடாது. அமெரிக்காவில் 1990களில் பல பொதுப் பாடசாலைகள் சீருடையைக் கட்டாயமாக்கியபோது ஒழுக்கமும் வரவும் கூடும் என்றார்கள். 1998 இல் பிரன்ஸ்மா, ரொக்கமோர் என்ற இரண்டு ஆய்வாளர்கள் தரவுகளைப் பார்த்து, அப்படியொரு பலனும் தெரியவில்லை என்று எழுதினார்கள்.

ஆனால் உடுப்பே இல்லாத பிள்ளைக்கு உடுப்புக் கொடுத்தால் என்ன நடக்கும் என்பது வேறு கதை. கென்யாவில் எஸ்தர் டுஃப்லோவும் கூட்டாளிகளும் செய்த ஆய்வில், மேல்வகுப்புப் பிள்ளைகளுக்குச் சீருடையை இலவசமாகக் கொடுத்தபோது இடைவிலகல் குறைந்தது, பெண்பிள்ளைகளின் இளவயதுக் கலியாணமும் குறைந்தது. டுஃப்லோ 2019 இல் பொருளியல் நோபல் பரிசு பெற்றவர்களில் ஒருவர். ஆகவே சீருடை வேண்டும் என்று சட்டம் போட்டால் மட்டும் ஒன்றும் நடக்காது, அதைப் பிள்ளையின் கையில் கொடுத்தால் நடக்கும். எங்கள் பக்கத்தில் பாடசாலையை விட்டு நிற்கிற பிள்ளைகளைக் கேட்டால் உடுப்பும் சப்பாத்தும் ஒரு காரணமாக வரும். ஒரே காரணமாக வராது.

ஆனா ஏழை பணக்காரன் வித்தியாசம் தெரியாதுதானே?

உங்களுக்குத் தெரியாது, பிள்ளைகளுக்குத் தெரியும். சப்பாத்தின் பிராண்ட், பை, வெள்ளையின் வெண்மை, இஸ்திரிக் கோடு. இருந்தாலும் வர்ண உடுப்பு என்றால் இந்த வித்தியாசம் பத்து மடங்காகும், அதனால் சீருடை இருக்கட்டும் என்பதுதான் என் பக்கம்.

கிளிநொச்சியில இவ்வளவு பெரிய கார்மென்ட்ஸ் கிடக்கே, அங்கயே பிள்ளையளுக்குத் தைக்கேலாதோ?

கிளிநொச்சியில் மாஸ் நிறுவனத்தின் வானவில், விடியல், வவுனியாவில் ஒமேகா லைன் எல்லாம் வெளிநாட்டுக் கம்பனிகளின் ஓடருக்குத் தைக்கிற ஏற்றுமதித் தொழிற்சாலைகள். அங்கே வேலைசெய்கிற தாய் நாள் முழுக்கத் தைத்துவிட்டு வந்து, தன் பிள்ளையின் சட்டையை என்னிடம் தரத்தான் செய்கிறாள், அவளுக்கு நேரமில்லை. ஒரு லைனில் ஒருத்தி கொலர் மட்டும், இன்னொருத்தி கைமட்டும் தைப்பாள், முழு உடுப்பு வெட்டப் பழகியிருக்க வேண்டும் என்றும் இல்லை.

செய்யக்கூடியது வேறொன்று. மகளிர் சங்கங்களில் பல பெண்களிடம் மெஷின் கிடக்கிறது, போருக்குப் பிறகு வாழ்வாதார உதவியாக வந்தவை, பாதி தூசி பிடித்து நிற்கின்றன. பாடசாலை ஒன்று நூறு பிள்ளைகளின் தையலை மொத்தமாக அப்படி ஒரு சங்கத்துக்குக் கொடுத்தால் கூலியும் குறையும், காசும் ஊருக்குள் நிற்கும். எனக்குக் கொஞ்சம் தொழில் குறையும்தான்.

நாங்கள் கனடாவில இருக்கிறம். ஊர்ப் பள்ளிக்கூடத்துப் பிள்ளையளுக்கு யூனிபோர்ம் வாங்கி அனுப்பலாமோ?

உடுப்பாக அனுப்பாதீர்கள். அளவு பிழைக்கும், பெருப்பிக்கவும் முடியாது, காரணம் ரெடிமேட் பற்றிய பதிலில் இருக்கிறது. துணி ஏற்கெனவே கிடைக்கிறது. காசு தேவைப்படுவது தையற்கூலிக்கும், இரண்டாவது சோடிக்கும், சப்பாத்து வவுச்சர் கிடைக்காத பெரிய பாடசாலைப் பிள்ளைகளின் சப்பாத்துக்கும். அதைக் கார்த்திகைக்கு முன் அதிபர் அல்லது பழைய மாணவர் சங்கம் மூலம் அனுப்பினால், பிள்ளை எல்லாரையும் போல எங்களிடம் வந்து அளவு கொடுத்துத் தைத்துக்கொண்டு போகும். கூலியைப் பாடசாலை எங்களுக்கு நேராகத் தரலாம், யாருக்கு யார் கட்டினது என்று வகுப்பில் தெரிய வேண்டியதில்லை.

பிள்ளையை மேடையில் ஏற்றிச் சட்டையைக் கையில் கொடுத்துப் படம் எடுத்து முகநூலில் போடுகிற வேலை மட்டும் வேண்டாம். கணக்குக் காட்ட வேண்டுமென்றால் தையற்கடைப் பற்றுச்சீட்டைப் படம் எடுத்து அனுப்பச் சொல்லுங்கள், நாங்கள் எழுதித் தருவோம்.